வாத்தியார் ஏன் தங்குவதில்லை என்று கேட்ட அஞ்சலைக்கு

1

கால்சட்டையில் பால் தெறித்ததும் கிராணி ஒரு குதி குதித்தான் பார் அஞ்சலை, காலடியில் பாம்பைக் கண்டவன்கூட அப்படிக் குதிக்க மாட்டான். கஞ்சி போட்டுத் தேய்த்த வெள்ளைக் கால்சட்டை. ரப்பர் மரத்துப் பால் துணியில் பட்டால் பட்டதுதான், எந்தச் சோப்புக்கும் போகாது. நாங்கள் அத்தனை பெண்களும் வாளியை முன்னால் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து பார்த்தோம். சிரிப்பை அடக்க முந்தானையை வாயில் திணித்தேன். அடங்கவில்லை. இப்போது சொல்லும்போதும் வயிறு வலிக்கிறது.

யார் இந்தக் கிராணி என்று கேட்பாய். இந்த மலேயா நாட்டு ரப்பர் தோட்டத்தில் கணக்கு எழுதுகிறவனுக்கு அப்படிப் பேர். தோட்டம் வெள்ளைக்காரத் துரையுடைய பொறுப்பில் இருக்கிறது. ஆனால் இவன் நடக்கிற நடையைப் பார்த்தால் துரைதான் இவனிடம் கூலிக்கு இருப்பதாகத் தோன்றும். அவனை ஒரு நாள் தராசுப் பக்கம் நிற்க வைத்தோம். எதற்காக நிற்க வைத்தோம் என்பதற்கும் நீ எழுதிய கடுதாசிக்கும் சம்பந்தம் இருக்கிறது. அதனால்தான் உனக்குச் சொல்கிறேன்.

உன் கடுதாசி வந்தது. எழுத்து தபால்காரருடையது என்றாலும் பேச்சு உன்னுடையதுதான். "நம்ம பள்ளிக்கூடத்தில் எந்த வாத்தியாரும் தங்குவதில்லை, இப்போது இருப்பவரும் மாற்றல் கேட்டுவிட்டார், இந்தக் காலத்து வாத்தியார்களுக்கு ஊர்ப்பற்றே கிடையாது, உங்கள் சீமையில் நல்லவர் யாராவது இருந்தால் அனுப்பி வை" என்று சொல்லி எழுதியிருக்கிறாய். அனுப்பி வைக்க அவர் என்ன புளியா, மிளகாயா? ஊர்ப்பற்றாம்! அடி அஞ்சலை, அதைச் சொல்ல உனக்கு எப்படி வாய் வந்தது?

இதையும் தபால்காரர்தான் உனக்கு வாசித்துக் காட்டுவார். தபால்காரரே, ஒரு வரி விடாமல் உரக்க வாசியும். அவள் முகம் சுளித்தாலும் நிறுத்த வேண்டாம்.

இன்னொன்று. நான் சொல்லச் சொல்ல என் பேத்தி பூங்காவனம்தான் எழுதுகிறாள். நான் பேசுகிறபடியே எழுதடி என்றால் மாட்டேன் என்கிறாள். பேச்சு வேறு, எழுத்து வேறு என்று வாத்தியார் சொல்லியிருக்கிறாராம். அதனால் இதில் நான் ஏதோ தாலுகா ஆபீசுக்குப் போய் வந்தவள் மாதிரிப் பேசுவேன். நீ பயந்துவிடாதே. திட்டெல்லாம் என்னுடையதுதான்.

2

நான் கப்பலேறி வந்து இந்தத் தையோடு மூன்று வருஷம். என் மகன் செல்லமுத்துவின் பெண்டாட்டி ஜப்பான்காரன் சண்டைக் காலத்தில் காய்ச்சலில் போய்விட்டாள். இந்தப் பெண்ணை வளர்க்க ஆள் இல்லை என்றுதான் என்னை வரவழைத்தான். வந்து பார்த்தால் அவளுக்கு என்னைத் தெரியவில்லை, என் பேச்சும் பாதி புரியவில்லை. "மக்கான் ஆச்சா அப்பத்தா?" என்றாள். என்ன சாமியைக் கும்பிடச் சொல்கிறாளோ என்று நான் கிழக்கே பார்த்து நின்றேன். சாப்பாட்டுக்கு இந்த ஊர்க்காரர்கள் சொல்கிற பேராம். நம் ஊரைப் பற்றிச் சொன்னால், "அங்க ரயிலு இருக்கா?" என்று கேட்கிறாள். அரியலூர் ஸ்டேஷனைப் பார்த்திருந்தால் இப்படிக் கேட்பாளா? தமிழ்ப் பிள்ளை தமிழ்ப் பிள்ளையாக இருப்பது அந்தப் பள்ளிக்கூடக் கொட்டகையில் உட்காரும் நேரத்தில்தான். வெளியே வந்தால் வேறு காற்று.

எனக்கு மரம் வெட்டுகிற, அதாவது பட்டையைக் கீறிப் பால் எடுக்கிற, வயது போய்விட்டது. தாய்மார்கள் காட்டுக்குப் போனபின் கைக்குழந்தைகளைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைக் கொட்டகையில் ஆயா வேலை. அதற்கு அடுத்ததுதான் பள்ளிக்கூடம். நடுவில் ஒரு மூங்கில் தட்டிதான். நான் தொட்டில் ஆட்டிக்கொண்டே அங்கே நடப்பதெல்லாம் கேட்பேன்.

வாத்தியார் பேர் மாணிக்கம். சின்ன வயது. நாகப்பட்டினத்துப் பக்கம். சொல்லிக்கொடுப்பது அவருக்குக் கைவந்த வேலை. ரப்பர் கொட்டையை வைத்தே கூட்டல், கழித்தல் எல்லாம் நடத்துவார். மழை நாளில் தகரக் கூரை சத்தத்தில் வாய் கேட்காது. அப்போது பிள்ளைகளைத் தரையில் விரலால் எழுதச் சொல்லிச் சிரிப்பார். அப்படிப்பட்ட மனுஷரின் நாள் எப்படிப் போனது என்று கேள்.

விடிவதற்கு முன்னால் காட்டுக்குப் போகிறவர்களின் பேரைக் கூப்பிட வேண்டும். அது கிராணியின் வேலை. ஆனால் கிராணிக்குப் பனி ஆகாது, அதனால் வாத்தியார்தான் போவார். பிறகு வந்து மணியடித்துப் பள்ளிக்கூடம் தொடங்குவார். பிள்ளைகள் கணக்கில் கையை வைத்து மனசு ஊன்றுகிற நேரம், காட்டிலிருந்து பால் வந்துவிடும். தராசடியிலிருந்து ஆள் வருவான். "கிராணி கூப்புடுறாரு, எடை எழுதணுமாம்." சுண்ணாம்புக் கட்டியைக் கீழே வைத்துவிட்டுப் போவார். அவர் திரும்புவதற்குள் பாதிப் பிள்ளைகள் ஆற்றங்கரைக்குப் போயிருக்கும். சாயங்காலம் கிராணி வீட்டுப் பிள்ளைகளுக்குத் தனியாகப் பாடம். அதற்குக் கூலியும் கிடையாது, ஒரு வாய்க் காப்பியும் கிடையாது.

இதெல்லாம் கிராணி செய்தது. இனி நாங்கள் செய்ததைக் கேள். யாருக்குக் கடுதாசி வந்தாலும் பள்ளிக்கூட வாசலில்தான் போய் நிற்போம். ஜாதகம் பார்க்க, பிள்ளைக்குப் பேர் வைக்க, சீட்டுக்காரனோடு வந்த சண்டையைத் தீர்க்க, எல்லாவற்றுக்கும் அவர்தான். நான் ஒருபடி மேலே. படிக்கத் தெரிந்த பேத்தி வீட்டிலேயே இருந்தாலும் வாத்தியார் வாயால் கேட்டால்தான் எனக்குத் திருப்தி. எழுந்துகூடப் போக மாட்டேன். தட்டிக்கு இந்தப் பக்கமிருந்து, "வாத்தியாரே, கடுதாசி வந்திருக்கு, ஒரு எட்டு வந்து பாத்துச் சொல்லிட்டுப் போங்க" என்று கத்துவேன். அவர் வருவார். வந்து படித்துச் சொல்லுவார். உன் கடுதாசி உட்பட, அஞ்சலை. நீ உன் ஆட்டுக்குட்டிக்கு வயிற்றுப்போக்கு என்று எழுதியிருந்தாயே, அதை இங்கே பதினாறாம் வாய்ப்பாட்டை நிறுத்திவிட்டு வந்து படித்தார்.

3

போன வாரம் பள்ளிக்கூடம் பார்க்கிற ஆபீசர் வந்தார். கிராணி அவருக்குப் பின்னால் குடை பிடித்துக்கொண்டு வந்தான். ஆபீசர் பூங்காவனத்தை எழுப்பினார்.

"தொண்ணூத்தாற எட்டால வகுத்தா எத்தன பாப்பா?"

அவள் நின்றாள். பெருக்கல் கேட்டிருந்தால் கொட்டியிருப்பாள். வகுத்தல் ஆரம்பித்த நாளிலெல்லாம் தராசடியிலிருந்து ஆள் வந்திருக்கிறான். பிள்ளை கீழுதட்டைக் கடித்துக்கொண்டு நிற்கிறது.

கிராணி பல்லைக் காட்டிக்கொண்டு ஆபீசரைப் பார்த்தான். பிறகு வாத்தியாரைப் பார்த்து, அத்தனை பிள்ளைகளுக்கும் கேட்கும்படி, "கை நீட்டிச் சம்பளம் வாங்க மட்டும் தெரியுதுல்ல? என்னய்யா கிழிச்சீரு இத்தன நாளா?" என்றான்.

அவர் ஒரு வார்த்தை திருப்பிச் சொல்லியிருக்கலாம். 'வகுத்தல் நடத்துற நேரத்துக்கெல்லாம் என்னக் கூப்பிட்டது நீருதான்' என்று சொல்லியிருந்தால் போதும். சொல்லவில்லை. விரலில் இருந்த சுண்ணாம்புத் தூளை வேட்டியில் துடைத்தார். துடைத்த பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தார். தட்டியின் ஓட்டை வழியாக அந்த முகத்தைப் பார்த்தேன் அஞ்சலை. கையில் இருந்த பிள்ளையை இறுக்கிவிட்டேன் போலிருக்கிறது, அது வீறிட்டு அழுதது. அந்த முகத்தை நான் இதற்கு முன்னால் ஒரு தரம் பார்த்திருக்கிறேன். நீயும் பார்த்திருக்கிறாய்.

ஆபீசர் போனதும் பிள்ளைகளிடம் சொல்லிவிட்டார்: "திங்கக்கிழமை அரிசி லாரி வரும்ல, அதுல நான் டவுனுக்குப் போயிடுவேன். ஒரு கடையில எழுத்து வேலை சொல்லியிருக்காங்க. நீங்க நல்லா இருக்கணும்."

அன்று சாயங்காலமே கிராணி என் மகனை வழிமறித்தான். "வாத்தி போறாரு. இனிமே ஸ்கூலு கெடையாது. ஒம் பொண்ணு வளந்துட்டால்ல, புல்லு வெட்டுற ஆளுங்களோட பேர எழுதிக்கிறேன்."

செல்லமுத்து சரி என்று வந்துவிட்டான். நான் கத்தினேன். "நான் என்ன ஆத்தா பண்ணட்டும்? எல்லாப் புள்ளைங்களும் போவுதுங்கல்ல?" என்று சோற்றைப் பார்த்துக்கொண்டே சொன்னான். பூங்காவனம் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள் கேட்டாள்:

"எனக்குச் சின்னக் கத்தியா குடுப்பாங்களா அப்பத்தா?"

இதை எழுதும்போது பேனாவை வைத்துவிட்டு என்னை முறைக்கிறாள். எழுதடி, நீ கேட்டதுதானே!

4

இப்போது நம் ஊருக்கு வா. கம்புக் களம் ஞாபகம் இருக்கிறதா? மேலத்தெருப் பெரிய வீட்டுக்காரர் களம் அல்ல, என் மூத்தார் களம்.

அப்போது நம் பள்ளிக்கூடத்தில் பாடாலூர்ப் பக்கத்து வாத்தியார் இருந்தார். அவர் பேரை யாராவது கேட்டோமா? பாடாலூர் வாத்தி என்றே காலத்தை ஓட்டினோம். சர்க்கார் கொடுக்கிற காசு அவருக்குப் பத்தாது, அதனால் அறுப்புக்கு அறுப்பு ஊரார் தானியம் அளக்க வேண்டும் என்று ஏற்பாடு. நல்ல ஏற்பாடுதான். அதை நாம் எப்படிக் கொடுத்தோம்? அவர் ஒவ்வொரு களத்துக்கும் சாக்கைத் தூக்கிக்கொண்டு வர வேண்டும். வந்து ஓரமாக நிற்க வேண்டும். களத்துக்காரர் தன் கம்பை வண்டியில் ஏற்றி, அப்புறம் படி வாங்க வந்து நிற்கிறவர்களுக்கெல்லாம் அளந்து, கடைசியில் இவருக்கு. அங்கே நின்ற மற்றவர்களும் அப்படி நின்றிருக்கக் கூடாது என்பது, நானே இங்கே கூலிக்காரியாக வரிசையில் நின்ற பிறகுதான் எனக்கு உறைத்தது. அது வேறு பேச்சு.

அந்த வருஷம் மழை பொய்த்து விளைச்சல் குறைவு. எல்லாருக்கும் அளந்து முடித்தபோது அம்பாரம் காலி. வாத்தியார் வெயிலில் சாக்கோடு நிற்கிறார். அவரிடம் படிக்கிற பிள்ளைகள் களத்தைச் சுற்றி விளையாடிக்கொண்டிருக்கின்றன. நான் துடைப்பத்தால் களத்தைக் கூட்டி, மண்ணும் உமியும் கலந்ததை ஒரு முறத்தில் அள்ளினேன். கோழிக்குப் போடலாம் என்று. என் மூத்தார் வண்டிமேல் உட்கார்ந்தபடி சொன்னார்:

"அத ஏன் கோழிக்குப் போடுற? வாத்தி சாக்குல போடு. நெறையப் புள்ளைங்க வச்சிருக்காரு, உக்காத்தி வச்சு மண்ணு வேற கம்பு வேறயா பொறுக்கச் சொல்லட்டும். அதுவும் ஒரு பாடந்தானே!"

களமே சிரித்தது. பிள்ளைகளும் சிரித்தன. எல்லாரையும்விடப் பெரிதாகச் சிரித்தது நீதான், அஞ்சலை. இல்லை என்று சொல்லாதே. ஆனால் முறம் என் கையில் இருந்தது. மாட்டேன் என்று சொல்லியிருக்கலாம். மூத்தார் சொல்லிவிட்டார், எதிர்த்தால் நன்றாக இருக்காது என்று நான் போய்க் கொட்டினேன். வாத்தியார் சாக்கின் வாயை விரித்துப் பிடித்தார். புழுதி கிளம்பி அவர் கண்ணில் விழுந்தது. துடைத்துக்கொண்டார். துடைத்த பிறகும் துடைத்துக்கொண்டே இருந்தார்.

அடுத்த அமாவாசைக்குள் ஊரைவிட்டுப் போய்விட்டார். "காசுக்கு ஆசப்பட்டு ஓடிட்டான்" என்று ஊரே பேசியது. நானும் பேசினேன்.

5

காசுக்காகப் போகவில்லை என்பதை அவர் வாயாலேயே கேட்டவள் நான். இதை உன்னிடம்கூட இதுவரை சொன்னதில்லை.

நான் இங்கே புறப்படும்போது, ரேஷன் கார்டில் பேர் அடித்துச் சீட்டு வாங்கிக்கொண்டு வா, அதில்லாமல் மற்றக் காகிதம் நகராது என்றார்கள். அரியலூருக்குப் போனேன். ஆபீசுக்கு வெளியே பெரிய வரிசை. வெயில் ஏறி இறங்குகிற மட்டும் நின்று உள்ளே போனால், மேசைக்குப் பின்னால் பாடாலூர் வாத்தியார்.

"பேரு?" என்றார்.

"என்னங்க வாத்தியாரே, என்னத் தெரியலீங்களா?"

"தெரியுது. கார்டுல இருக்கிற பேரச் சொல்லுங்க."

சொன்னேன். எழுதினார். எனக்கு வாய் சும்மா இருக்குமா? "நம்ம ஊர வுட்டுட்டு வந்துட்டீங்களே. இங்க சம்பளம் சாஸ்திங்களா?"

"கொஞ்சம் கூட. அதுவும் ரூம் வாடகைக்குச் சரியாப் போயிடுது."

"அப்புறம் என்னாத்துக்குங்க?"

பேனாவால் வாசலைக் காட்டினார். "அந்த வரிசையப் பாருங்க. முன்னாடி வந்தவங்களுக்கு முன்னாடி. ஒங்க ஊரு பெரிய வூட்டுக்காரரும் போன வாரம் அதுலதான் நின்னாரு. நான் இங்க ஒக்காந்து எழுதுறேன். நடுவுல யாரும் என்ன எந்திரிச்சு வான்னு கூப்புட முடியாது. யாரும் என்னப் பாத்துச் சிரிக்கவும் முடியாது."

"புள்ளைங்க ஞாபகம் வரலீங்களா?"

என் கட்டைவிரலைப் பிடித்து மையில் தோய்த்து, காகிதத்தில் அழுத்தி வைத்தார். சின்னப் பிள்ளையின் கையைப் பிடித்து மணலில் எழுத வைக்கிற மாதிரி, மெதுவாக. பிறகு "அடுத்த ஆளு" என்றார்.

நாகப்பட்டினம் போகிற ரயிலிலும் கப்பலிலும் அவரைத் திட்டிக்கொண்டே வந்தேன். எனக்கென்று ஒரு பத்து ஆள் முன்னால் விட்டிருக்கக் கூடாதா என்று. அவ்வளவுதான் என் புத்தி.

6

அதனால்தான் இந்தத் தரம் சும்மா இருக்க முடியவில்லை. மறுநாள் தொட்டில் பிள்ளைகளைப் பக்கத்து லயத்து வரிசை வீட்டுக் கிழவியிடம் விட்டுவிட்டு மாணிக்கம் வாத்தியார் அறைக்குப் போனேன். தகரப் பெட்டியைக் கயிற்றால் கட்டிக்கொண்டிருந்தார்.

"எதுக்குங்க போறீங்க? கிராணி பேசுனதுக்கா?"

"அதுக்கு மட்டும் இல்ல ஆயா."

"சம்பளமா?"

"சம்பளம் கம்மிதான். அதுக்காகப் போவல." கயிற்றை இழுத்து முடிச்சுப் போட்டார். "நான் வந்து ரெண்டு வருஷமாச்சு. ஒரு பாடத்த, ஒரே ஒரு பாடத்த, ஆரம்பிச்சு முடிச்சதில்ல. கிராணி வுட்டா நீங்க, நீங்க வுட்டா கிராணி. ஒங்க பேத்திக்கு வகுத்தல் வரல. அது தன் குத்தந்தான்னு அவ நெனச்சிருப்பா. அரிசிக் கடையில மூட்ட எண்ணுனா எண்ணி முடிச்சிட்டுத்தான் எந்திரிப்பேன். அது போதும்."

நான் தட்டிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்தபடி கத்தியதெல்லாம் ஞாபகம் வந்தது. வெட்கமாகப் போய்விட்டது. வெட்கம் வந்தால் எனக்குக் கோபமும் கூடவே வரும், உனக்குத் தெரியும்.

சாயங்காலம் தண்ணீர்க் குழாயடியில் பெண்களைப் பிடித்தேன். வாத்தியாரை எடை எழுதக் கூப்பிட்டால் பால் ஊற்ற மாட்டோம் என்று உட்கார வேண்டும். கடுதாசி, ஜாதகம், சண்டை எதுவாக இருந்தாலும் ஞாயிற்றுக்கிழமைதான். மற்ற நாளில் யார் பள்ளிக்கூட வாசலை மிதித்தாலும் நான் விளக்குமாற்றோடு நிற்பேன். இவ்வளவுதான் நான் சொன்னது.

காத்தாயி என்று ஒருத்தி இருக்கிறாள், வாய் என்றால் வாய். "வாத்தியாருக்காக நாம ஏன் கிராணியப் பகச்சிக்கணும்? அவரு போனா வேற ஆளு வருவாரு" என்றாள்.

"வருவாருடி. கிராணி மச்சான் வருவாரு. முன்னாடி இருந்தாரே, பெஞ்சு மேல படுத்து, புள்ளைங்களக் கால் அமுக்கச் சொல்லிட்டுத் தூங்குனாரே, அவருதான் வருவாரு. ஒம் மவன் நல்லாக் கால் அமுக்கக் கத்துக்குவான்."

"படிச்சு மட்டும் என்னா, தொர ஆயிடப் போறானா?"

"ஆவ வேணாம். ஒம் பேருல கிராணி எத்தன நாளு எழுதியிருக்கான்னு பாத்துச் சொல்லுவான்ல? அத இப்ப யாரு பாத்துச் சொல்றா?"

காத்தாயி குடத்தை இடுப்பில் ஏற்றினாள். போய்விட்டாள். நான் தோற்றுப்போனேன் என்றே நினைத்தேன்.

7

மறுநாள் நான் தராசடிக்குப் போனபோது முதலில் உட்கார்ந்திருந்தவள் காத்தாயி. வாளியின் மேல் துண்டைப் போட்டு மூடிக்கொண்டு, கோயிலில் பூசைக்கு உட்கார்ந்த மாதிரி. அவளைப் பார்த்து மற்றவர்களும் வரிசையாக உட்கார்ந்துவிட்டார்கள்.

இந்தப் பாலில் ஒரு சங்கதி உண்டு. எடை போட்டு அண்டாவில் ஊற்றாமல் வாளியிலேயே வைத்திருந்தால் நேரம் ஆக ஆக உறைந்து கட்டியாகிவிடும். அப்புறம் அதற்கு மதிப்பில்லை. துரை கிராணியைத்தான் கேட்பான்.

வாத்தியார் நோட்டுப் புத்தகத்தோடு தராசுக்குப் பக்கத்தில் நிற்கிறார். என்ன நடக்கிறது என்று அவருக்குத் தெரியாது. சொல்லியிருந்தால் வேண்டாம் என்று தடுத்திருப்பார்.

கிராணி கத்தினான். "என்னா, எல்லாம் ஒக்காந்து கத பேசுறீங்களா? ஊத்துங்க!"

"நீங்க எழுதுங்க, ஊத்துறோம்" என்றேன்.

"வாத்தி எழுதுவாரு."

"வாத்தியாருக்கு ஸ்கூலு இருக்கு. அவரு எழுதுனா ஊத்த மாட்டோம்."

"ஏ கெழவி, தொட்டிலு ஆட்டுறவளுக்கு இங்க என்னா வேல? பேர வெட்டிருவேன்!"

"வெட்டுங்க. நாளைக்குத் தொட்டில நீங்களே ஆட்டுங்க. கால்சட்ட வெள்ளையா இருக்கு, புள்ளைங்களுக்கு ரொம்பப் புடிக்கும்."

காத்தாயி முதலில் சிரித்தாள். அப்புறம் சிரிக்காதவர்களே இல்லை. அந்த நேரம் பார்த்துத் துரையின் மோட்டார் சைக்கிள் வந்தது. துரை தமிழ் பேசுவான், கல்லைக் கடித்துத் துப்புகிற மாதிரி. "ஏன் உக்காரு? பால் கெட்டுப் போகும்!" என்றான்.

நான் எழுந்தேன். "தொர, எடைக்கு ஒரு ஆளு, ஸ்கூலுக்கு ஒரு ஆளுன்னு ரெண்டு பேருக்குச் சம்பளம் குடுக்குறீங்க. எட ஆளு நெழல்ல நிக்கிறாரு. ஸ்கூலு ஆளு எட எழுதுறாரு. புள்ளைங்க ஈ ஓட்டிக்கிட்டு ஒக்காந்திருக்கு."

துரைக்குப் பிள்ளைகள் படித்தால் என்ன, படிக்காவிட்டால் என்ன? கைக்கடிகாரத்தைப் பார்த்தான். காத்தாயி வாளியைப் பார்த்தான். கிராணியிடம், "நீ எழுது. சீக்கிரம்" என்று சொல்லிவிட்டு வண்டியை உதைத்துக்கொண்டு போய்விட்டான்.

கிராணி நோட்டை வாங்கிக்கொண்டு தராசுப் பக்கம் வந்தான். முதல் வாளியைக் காத்தாயி தூக்கி ஊற்றினாள். கொஞ்சம் உயரத்திலிருந்து ஊற்றினாள் என்று வைத்துக்கொள். பிறகு நடந்ததைத்தான் ஆரம்பத்திலேயே சொன்னேன்.

"நீங்க போங்க வாத்தியாரே, புள்ளைங்க காத்துக் கெடக்கு" என்றேன். அவர் கொட்டகைப் பக்கம் வேகமாக நடந்தார். நாங்கள் எடை முடித்துத் திரும்புகிற வரையில் கொட்டகையிலிருந்து வகுத்தல் சொல்கிற சத்தம் நிற்கவே இல்லை. கிராணி அன்றைக்கு எங்களுக்குப் பாதி நாள்தான் எழுதினான். எழுதட்டும்.

8

அப்படியும் அவர் இருக்கிறேன் என்று சொல்லவில்லை. கட்டிய பெட்டி கட்டியபடியே கிடந்தது. நேற்று ஞாயிற்றுக்கிழமை, கடுதாசிக்காரர்கள் எல்லாரும் மரத்தடியில் வந்த வரிசைப்படி உட்கார்ந்தோம். ஒவ்வொன்றாக எழுதிக் கொடுத்தார். யாரும் லாரியைப் பற்றி வாய் திறக்கவில்லை. நான் என் முறையை விட்டுவிட்டு எழுந்து வந்துவிட்டேன். அவர் முகத்தைப் பார்த்துக் கேட்கத் தைரியம் இல்லை.

இப்போது உனக்குச் சொல்கிறேன், நம் ஊராருக்கும் சொல். புது வாத்தியார் கிடைத்தால், தானியத்தை அவர் வீட்டில் கொண்டுபோய்க் கொடுங்கள். பொழுது சாய்வதற்கு முன்னால், அளந்த முதல் அளவை. களத்துக்கு வர விடாதீர்கள். மனு எழுத, கல்யாணத்துக்குப் பந்தி விசாரிக்க, பஞ்சாயத்தில் சாட்சி சொல்ல என்று பள்ளிக்கூட நேரத்தில் கூப்பிடாதீர்கள். பிள்ளைகளுக்கு முன்னால் அவரைப் பார்த்து யாராவது பல்லைக் காட்டினால், அந்தப் பல்லை நீ பார்த்துக்கொள். இது எதுவும் முடியாது என்றால் வாத்தியார் வேண்டும் என்று கேட்காதீர்கள். தபால்காரர் இருக்கிறார், அவர் இருக்கிறவரைக்கும் அவரை வைத்தே ஓட்டுங்கள்.

இன்று காலையில் அரிசி லாரி வந்தது. மூட்டைகளை இறக்கினார்கள். நான் ஒரு பிள்ளைக்குக் கஞ்சி புகட்டிக்கொண்டிருந்தேன், கரண்டி வாயில் போகிறதா மூக்கில் போகிறதா என்று தெரியவில்லை. லாரிக்காரன் இரண்டு தரம் ஹாரன் அடித்தான். வாத்தியார் அறைக் கதவு திறந்தது. தலையில் எதையோ வைத்துப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தார். பெட்டி என்று நினைத்துக் கண்ணை மூடிக்கொண்டேன்.

"ஆயா" என்று பக்கத்தில் குரல். பார்த்தால் பள்ளிக்கூடத்துக் கரும்பலகை. அதைத் தட்டியில் சாய்த்து வைத்தார்.

"போர்டு ரொம்ப வெளுத்துப் போச்சு. எழுதுனா பின்னாடி ஒக்காந்திருக்கிற புள்ளைங்களுக்குத் தெரியல. அடுப்புக் கரியும் கோவ எலையும் அரச்சுப் பூசுனா நாலு மாசம் தாங்கும். அரச்சுத் தருவீங்களா?"

"நாலு மாசந்தானா?" என்றேன்.

"அப்புறம் மறுபடி பூசிக்கலாம்" என்றார்.

லாரி போய்விட்டது. காத்தாயி வேலியெல்லாம் தேடி ஒரு கூடை கோவை இலை பறித்துக் கொண்டுவந்து போட்டுவிட்டு, "நைசா அரைங்க, திப்பி திப்பியா இருந்தா ஒங்களத்தான் கேப்பேன்" என்று அதட்டிவிட்டுப் போயிருக்கிறாள். போன வாரம் வாத்தியார் எதற்கு என்று கேட்டவள்! இலை வாடிவிட்டால் சாறு இறங்காது. காலையில் மணியடிப்பதற்குள் பலகை காய்ந்தாக வேண்டும். போதும், பூங்கா, எழுதினதை மடித்து வை. அந்தக் கரிச்சட்டியை இப்படித் தள்ளு, அம்மியைக் கழுவு